கோலாலம்பூரில் எல்ஆர்டியை நம்பி வீடு பார்ப்பது எப்படி?

காரைக்குடியிலிருந்து தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார்: கேஎல்சிசி (இரட்டைக் கோபுரம் இருக்கும் நகர மையம்) பக்கத்தில் அலுவலகம், மனைவி குழந்தையுடன் வரவிருக்கிறேன், புறநகரான சுபாங் ஜெயாவில் வாடகை குறைவு என்கிறார்கள், எல்ஆர்டி எனும் இலகு ரயிலை நம்பி அங்கே குடியேறலாமா, கார் வாங்காமல் காலம் தள்ள முடியுமா?

தள்ள முடியும், தம்பி. ஆனால் வீட்டுக்காரர் சொல்லும் வாடகையையும் அறைகளின் எண்ணிக்கையையும் கேட்டு முடிவு செய்யாமல், அந்த வீட்டு வாசலிலிருந்து நிலையத்தின் படிக்கட்டு வரை உங்கள் காலால் ஒருமுறை நடந்து பார்த்த பிறகே முன்பணம் கொடுங்கள். மற்றவை எல்லாம் அதற்குப் பிறகுதான்.

நம் பகுதியிலிருந்து அந்தக் காலத்தில் கொண்டுவிற்க, அதாவது கடல் கடந்து தொழில் செய்யப் போனவர்களுக்கு இந்தக் கவலையே இருந்ததில்லை. லெபோ அம்பாங் தெருவில் கிட்டங்கி எனும் தொழிற்கூடத்திலேயே தொழில், அங்கேயே சாப்பாடு, அங்கேயே படுக்கை. இன்று அந்தத் தெருவுக்கு அருகில் மஸ்ஜிட் ஜாமெக் நிலையம் இருக்கிறது. நம்மவர்களோ புறநகரில் குடியிருந்துகொண்டு நாள்தோறும் அதைக் கடந்து வேலைக்குப் போகிறார்கள்.

உங்களுக்குப் பயன்படப்போவது எல்ஆர்டியின் கிளானா ஜெயா தடம். 1998இல் முதல் பகுதியும், மறு ஆண்டு வடக்கே கோம்பாக் வரையிலான பகுதியும் திறக்கப்பட்டன. 2016இல் சுபாங் ஜெயா வழியாகப் புத்ரா ஹைட்ஸ் வரை நீட்டினார்கள். இப்போது 46 கிலோமீட்டருக்குச் சற்றுக் கூடுதலான நீளம், 37 நிலையங்கள். ஓட்டுநர் கிடையாது, இரண்டு தண்டவாளங்களுக்கும் நடுவே பதித்திருக்கும் அலுமினியத் தகட்டின் மீது மின்காந்த விசையைச் செலுத்தி நகரும் வகை வண்டி இது. ஓட்டுநர் அறை இல்லாததால் முன்கண்ணாடி பயணிகளுக்கே விடப்பட்டிருக்கிறது. உங்கள் குழந்தை முதல் வாரம் முழுவதும் அங்கிருந்து நகராது. நம்மூரில் பல்லவன் எக்ஸ்பிரஸுக்கு நேரம் பார்த்துக் கிளம்புவதுபோல இதற்குக் கிளம்ப வேண்டியதில்லை. காலையிலும் மாலையிலும் சில நிமிடங்களுக்கு ஒரு வண்டி வரும்.

வண்டி வேகமாகத்தான் ஓடுகிறது. நேரம் வீணாவது நிலையத்துக்கு வெளியில்தான். அடுக்குமாடி விளம்பரங்களில் ‘எல்ஆர்டி அருகில்’ என்று போட்டிருப்பதை நம்ப வேண்டாம், அது பெரும்பாலும் வரைபடத்தில் கோடு போட்டு அளந்த தூரம். நடுவே ஆறு வழிச் சாலை ஒன்று குறுக்கிட்டால், அதைக் கடக்கும் மேம்பாலம் எங்கோ தள்ளி இருந்தால், வரைபடத்தில் ஐந்து நிமிடமாகத் தெரிந்தது பதினைந்து நிமிடமாகிவிடும். அங்கே பிற்பகலிலும் மாலையிலும் இடியுடன் கொட்டுகிற மழைக்குக் குடை போதாது. அலுவலகம் விட்டு வருகிற நேரமும் அதுவே. ஆகையால் நிலையத்திலிருந்து கூரை போட்ட நடைபாதை எவ்வளவு தூரம் வருகிறது, இரவில் விளக்கு உண்டா, தள்ளுவண்டியில் குழந்தையைக் கொண்டுபோகத் தளம் சமமாக இருக்கிறதா என்பதை மாலை ஆறு மணிக்குப் போய்ப் பாருங்கள். ஞாயிற்றுக்கிழமைக் காலையில் பார்த்தால் எல்லா வீடும் நன்றாகத்தான் தெரியும். நிலையங்களிலிருந்து குடியிருப்புகளுக்கு ஒரு ரிங்கிட் கட்டணத்தில் இணைப்புப் பேருந்துகள் ஓடுகின்றன. அவை உதவும், ஆனால் நெரிசலில் மாட்டிக்கொண்டால் எப்போது வரும் என்று சொல்ல முடியாது. அன்றாட வேலைக்கு அவற்றை நம்பி வீடு எடுப்பதை நான் பரிந்துரைக்கமாட்டேன்.

சுபாங் ஜெயாவா என்றால், அங்கிருந்து கேஎல்சிசிக்கு வண்டி மாறாமல் போகலாம் என்பது உண்மை. ஆனால் ஒரு வழிக்கு முக்கால் மணி நேரத்துக்குக் குறையாது, அதற்கு மேல் நடை. காலையில் ஏறும்போது இடம் கிடைக்க வாய்ப்புண்டு, மாலையில் கேஎல்சிசியில் ஏறினால் பாதி வழி நின்றுகொண்டே வர வேண்டியிருக்கும். உங்கள் நிலையில் நான் இருந்தால் முதலில் வடக்கே வங்சா மாஜு, செத்தியாவங்சா பக்கம் பார்ப்பேன். அங்கிருந்து கேஎல்சிசிக்குக் கால் மணி நேரம்தான், நின்றுகொண்டு போனாலும் தெரியாது. பெரும்பாலோர் சுபாங்கைச் சொல்வதற்குக் காரணம் அவர்களுடைய அலுவலகமோ உறவினரோ அந்தப் பக்கம் இருப்பதுதான்.

சுபாங்குக்கு ஒரு நியாயம் இருக்கிறது, அதையும் சொல்ல வேண்டும். 2022 நவம்பரில் தானியங்கிக் கட்டுப்பாட்டு அமைப்பு பழுதாகி, கிளானா ஜெயாவிலிருந்து அம்பாங் பார்க் வரை 16 நிலையங்கள் சில நாள்கள் மூடப்பட்டன. அப்படி ஒரு நாளில், சுபாங் ஜெயா நிலையத்தை ஒட்டியே கேடிஎம் கொம்யூட்டர் எனும் புறநகர் ரயிலும் இருப்பதால், அங்கே குடியிருப்பவர் நகரின் முக்கிய ரயில் சந்திப்பான கேஎல் சென்ட்ரல் வரையாவது வந்துவிடலாம். வங்சா மாஜுவில் அந்த வசதி இல்லை. வாடகைக் கார்தான் கதி. ஆனால் எப்போதாவது வரும் அந்த நாளுக்காகத் தினமும் ஒரு மணி நேரத்தை இழக்க வேண்டுமா என்பதை நீங்கள்தான் எடைபோட வேண்டும்.

பிரிக்பீல்ட்ஸில் நம்மவர் கடைகளும் கோயில்களும் சூழ இருக்கலாம் என்ற ஆசை உங்கள் துணைவியாருக்கு வரக்கூடும். கேஎல் சென்ட்ரல் பக்கத்திலேயே இருப்பதால் போக்குவரத்துக்கு அதை மிஞ்சிய இடம் இல்லை. ஆனால் அதே வாடகைக்கு வேறிடத்தில் கிடைப்பதைவிட வீடு சிறிதாக இருக்கும், சத்தமும் அதிகம். வெள்ளிக்கிழமை மாரியம்மன் கோயிலுக்குப் போக இதே தடத்தில் பசார் செனியில் இறங்கி நடக்கலாம். பத்துமலைக்கு மட்டும் இந்தத் தடம் போகாது, கேஎல் சென்ட்ரலில் கொம்யூட்டருக்கு மாற வேண்டும்.

கட்டணம் தூரத்தைப் பொறுத்தது. வந்தவுடன் முன்கூட்டியே பணம் ஏற்றி வைக்கும் டச் அண்ட் கோ அட்டை வாங்கிவிடுங்கள். காசு போட்டு ஒருமுறைப் பயணத்துக்கான நீல வில்லை எடுப்பதைவிட அட்டையில் குறைவாகப் பிடிப்பார்கள். அலுவலக நண்பர்கள் மாதம் 50 ரிங்கிட் பயணச்சீட்டைப் பற்றிப் பெருமையாகச் சொல்வார்கள், அது அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டும் உரியது. உங்கள் மாதக் கணக்கில் அதைச் சேர்த்துவிடாதீர்கள்.

கார் விஷயத்தில் முதல் ஆறு மாதம் பொறுங்கள். வீடு நிலையத்தோடு நடைபாதையால் இணைந்திருந்தால், மருத்துவமனைக்கும் சனிக்கிழமைச் சந்தைக்கும் வாடகைக் கார் பிடித்தாலும், கடன் தவணை, காப்பீடு, சுங்கம், நிறுத்தக் கட்டணம் எல்லாம் சேர்ந்து வருவதைவிடக் குறைவாகத்தான் செலவாகும். கேஎல்சிசி சுற்றுவட்டாரத்தில் நாள் முழுவதும் வண்டியை நிறுத்தி வைக்க என்ன கேட்கிறார்கள் என்று உங்கள் அலுவலகத்தில் விசாரித்து வையுங்கள்.