வாசகர் கேள்வி–பதில்: சிங்கப்பூரின் பழைய வட்டாரங்களில் வழிகாட்டியுடன் ஒரு நாள்

கேள்வி: அடுத்த மாதம் நானும் என் கணவரும் மாமனார், மாமியாரை அழைத்துக்கொண்டு ஐந்து நாள் சிங்கப்பூர் செல்கிறோம். அதில் ஒரு நாளைச் சைனாடவுன், கம்போங் கிளாம், லிட்டில் இந்தியா ஆகிய மூன்று வட்டாரங்களுக்கும் ஒதுக்கி, எங்களுக்கு மட்டுமென ஒரு வழிகாட்டியை அமர்த்தலாமா என்று யோசிக்கிறோம். பேருந்துச் சுற்றுலாவைவிடக் கட்டணம் அதிகமாக இருக்கிறது. அந்தச் செலவு தகுமா?
— வாசகி, தஞ்சாவூர்

பதில்: கட்டணத்தை முதலில் பார்த்துவிடுவோம். பேருந்துச் சுற்றுலாவில் ஆளுக்கு இவ்வளவு என்று வாங்குவார்கள். தனி வழிகாட்டிகளில் பெரும்பாலோர் குழுவுக்கு இவ்வளவு என்று மணிக்கணக்கில் பேசுவார்கள். தனியாகச் செல்பவருக்கு மலைப்பாகத் தோன்றும் தொகை நால்வராகப் பகிரும்போது அவ்வளவாக உறுத்தாது. வண்டி அந்தத் தொகைக்குள் அடங்குமா, பேசிய நேரத்தைத் தாண்டினால் எவ்வளவு என்ற இரண்டையும் எழுத்தில் வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

இனி, தகுமா என்ற கேள்வி. இடங்களைப் பார்த்துப் படம் எடுத்துக்கொள்வது மட்டுமே நோக்கமென்றால் வழிகாட்டியே தேவையில்லை என்பது என் கருத்து. சைனாடவுன் நிலையத்தில் வடக்கு-கிழக்கு ரயில் பாதையில் ஏறினால் மூன்றாவது நிறுத்தம் லிட்டில் இந்தியா. அங்கிருந்து டௌன்டவுன் பாதையில் இரண்டாவது நிறுத்தம் பூகிஸ். பூகிஸில் இறங்கிச் சில நிமிடம் நடந்தால் மலாய் முஸ்லிம்களின் பழைய வட்டாரமான கம்போங் கிளாம். வழி தெரியாமல் திண்டாடுவதற்கு அந்த ஊரில் இடமே இல்லை. வழிகாட்டிக்குக் கொடுக்கும் பணம் வழி காட்டுவதற்காக அன்று. கண்முன் இருந்தும் நமக்குத் தெரியாமல் போவதைச் சொல்வதற்காக.

தெலுக் ஆயர் தெருவை எடுத்துக்கொள்ளுங்கள். சைனாடவுனை ஒட்டி, உயர்ந்த அலுவலகக் கட்டடங்களின் நிழலில் கிடக்கும் அந்தத் தெருவில் 1842-இல் கட்டி முடிக்கப்பட்ட தியான் ஹொக் கெங் என்ற சீனக் கோயில் இருக்கிறது. அதே வரிசையில் சில அடி தள்ளி நாகூர் தர்கா. நாகூர் ஆண்டவர் ஷாகுல் ஹமீது அவர்களின் பெயரால் 1828-க்கும் 1830-க்கும் இடையில் நம் கடற்கரைத் தமிழ் முஸ்லிம்கள் எழுப்பியது அது. இரண்டும் ஏன் ஒரே தெருவில் இருக்கின்றன என்பதற்குத் தெருவின் பெயரே விடை சொல்கிறது. மலாய் மொழியில் தெலுக் என்றால் வளைகுடா, ஆயர் என்றால் நீர். அன்று இந்தத் தெருதான் கடற்கரை. சீனத்திலிருந்து கப்பலில் வந்தவர்கள் கரையேறியதும் கடல் தெய்வமான மாசுவுக்கு நன்றி சொன்ன இடத்தருகே, நாகப்பட்டினம் பக்கத்திலிருந்து வந்தவர்கள் கடலோடிகளைக் காப்பவராகத் தாங்கள் நம்பிய மகானை நினைத்துக்கொண்டார்கள். பின்னாளில் கடலைத் தூர்த்து நிலமாக்கியதால் தண்ணீர் வெகுதூரம் விலகிப் போய்விட்டது. இப்போது அங்கே நிற்பவருக்கு அலையும் தெரியாது, கரையும் தெரியாது. இந்தக் கதையைச் சொல்ல ஓர் ஆள் வேண்டும். தஞ்சாவூரிலிருந்து போகும் உங்கள் மாமனாருக்கு நாகூர் என்ற பெயரை அந்தத் தெருவில் கேட்பது, நகரின் வேறெந்தக் காட்சியையும்விட நெருக்கமாக இருக்கக்கூடும்.

பதிவு செய்யும் முன் வழிகாட்டியிடம், “தெலுக் ஆயர் தெருவில் எவ்வளவு நேரம் நிற்போம்?” என்று கேட்டுப் பாருங்கள். அரைமணி நேரமாவது என்று சொல்பவரை அமர்த்தலாம். நினைவுப்பொருள் கடைகளையும் நகைக்கடைகளையும் பட்டியலில் முன்னே வைப்பவரை நான் தவிர்த்துவிடுவேன்.

கேள்வி: மூன்று வட்டாரங்களையும் எந்த வரிசையில், எந்தக் கிழமையில் பார்ப்பது நல்லது? என் தந்தைக்கு முழங்கால் வலி. நெடுநேரம் நடக்க இயலாது.
— வாசகர், ஈரோடு

பதில்: காலையில் சைனாடவுன், பிற்பகலில் கம்போங் கிளாம், மாலையில் லிட்டில் இந்தியா என்பதே என் பரிந்துரை. இதற்கு வெயிலைவிடக் கோயில் நடைதான் காரணம். சைனாடவுனில் சவுத் பிரிட்ஜ் சாலையிலுள்ள ஸ்ரீ மாரியம்மன் கோயில் நம் ஊர்க் கோயில்களைப் போலவே நண்பகலில் நடை சாத்தி மாலையில் திறக்கும். ஆகையால் அதை முற்பகலில் முடித்துவிட வேண்டும். லிட்டில் இந்தியாவின் சிராங்கூன் சாலைக் கோயில்களை மாலைப் பூசை நேரத்தில் பார்ப்பதுதான் அழகு. விளக்கு வெளிச்சத்தில் வீரமாகாளியம்மன் கோயில் வாசலில் நிற்கும் கூட்டமும் ஒரு காட்சி. கம்போங் கிளாமின் சுல்தான் பள்ளிவாசலில் தொழுகை வேளைகளுக்கு இடைப்பட்ட நேரத்தில் பார்வையாளர்களை அனுமதிப்பார்கள், உடை போதாது என்றால் மேலங்கியும் அங்கேயே தருவார்கள்.

வெள்ளிக்கிழமை நண்பகல் ஜும்ஆ தொழுகை என்பதால் அன்று பள்ளிவாசல்களைப் பார்க்கும் நேரம் சுருங்கிவிடும். திங்கட்கிழமை லிட்டில் இந்தியாவிலுள்ள இந்திய மரபுடைமை நிலையம் மூடியிருக்கும். ஞாயிறு மாலை லிட்டில் இந்தியாவில் வெளிநாட்டு ஊழியர்கள், குறிப்பாகத் தமிழகத்திலிருந்தும் வங்கதேசத்திலிருந்தும் வந்து உழைப்பவர்கள், பெருந்திரளாகக் கூடுவார்கள். அந்தத் திரளும் அந்த வட்டாரத்தின் வாழ்க்கைதான். ஆனால் முழங்கால் வலியுள்ள உங்கள் தந்தைக்கு அது ஏற்றதாக இராது. செவ்வாய் முதல் வியாழன் வரை ஏதாவதொரு நாளை வைத்துக்கொள்ளுங்கள்.

நடை குறித்து ஒரு செய்தியைச் சொல்லியாக வேண்டும். இந்த வட்டாரங்களில் கீழே கடையும் மேலே வீடுமாக நிற்கும் கடைவீடுகளுக்கு முன்னால் கூரையிட்ட நடைபாதை ஒன்று ஓடும். அங்குள்ள தமிழர்கள் அதை ‘ஐந்தடி’ என்பார்கள். ஒவ்வொரு வீட்டின் முன்னும் மக்கள் மழைக்கும் வெயிலுக்கும் ஒதுங்கி நடக்கத் தொடர்ச்சியான பாதை விட வேண்டும் என்று 1822-இல், சிங்கப்பூரில் ஆங்கிலேயர் குடியிருப்பை நிறுவிய ராஃபிள்ஸ் வகுத்த நகரத் திட்டத்திலிருந்து வந்த வழக்கம் அது. வெயிலுக்கு நல்ல நிழல்தான். ஆனால் ஒரு கடையின் தளமும் அடுத்த கடையின் தளமும் ஒரே மட்டத்தில் இருப்பதில்லை, இடையிடையே படிகளும் குறுக்கிடும். சக்கர நாற்காலிக்கோ ஊன்றுகோலுக்கோ அது சிரமம். முழங்கால் வலியை முன்கூட்டியே சொல்லிவிட்டால், விவரமறிந்த வழிகாட்டி ஐந்தடியைத் தவிர்த்து, வாகனங்கள் குறைந்த தெருக்களின் வழியே அழைத்துச் செல்வார்.

எட்டு மணி நேரச் சுற்றுலாவை ஒரே மூச்சில் முடிக்க வேண்டும் என்ற கட்டாயம் எதுவும் இல்லை. நண்பகலில் இரண்டு மணி நேரம் விடுதிக்குத் திரும்பி இளைப்பாறிவிட்டு மீண்டும் தொடங்கலாமா என்று கேளுங்கள். நிலநடுக்கோட்டுக்கு ஒன்றரைப் பாகைக்கும் குறைவான தொலைவில் இருக்கும் ஊர் அது. வெயிலும் புழுக்கமும் ஆண்டு முழுவதும் ஒன்றுதான், பிற்பகல் மழையும் அடிக்கடி வரும். அதற்கும் மேல் நேரம் நெருக்கினால் மூன்றில் ஒன்றை விட்டுவிடுங்கள். மூன்றையும் ஓடி ஓடிப் பார்ப்பதைவிட இரண்டை உட்கார்ந்து பார்ப்பது மேல்.

கேள்வி: லிட்டில் இந்தியாவை விட்டுவிட்டு அந்த நேரத்தைச் சைனாடவுனுக்குக் கொடுக்கலாமா? நம் ஊர்க் கடைத்தெருவை விமானம் ஏறிப் போய்ப் பார்ப்பானேன் என்று என் மகன் கேட்கிறான்.
— வாசகர், மதுரை

பதில்: உங்கள் மகன் கேட்பது பாதி சரி. பூக்கடையையும் மளிகைக்கடையையும் மட்டும் பார்த்துத் திரும்புவதானால் மதுரைக்காரருக்கு அங்கே புதிதாக ஒன்றுமில்லை. ஆனால் அவர் தவறவிடும் மறுபாதி சுவையானது.

சிங்கப்பூர்த் தமிழர்களின் முதல் குடியிருப்பு லிட்டில் இந்தியாவில் தொடங்கவில்லை. 1819-இல் ராஃபிள்ஸுடன் பினாங்கிலிருந்து வந்த நாராயண பிள்ளை செங்கல் சூளை வைத்து, கட்டுமானத் தொழில் நடத்தி, 1827-இல் மாரியம்மன் கோயிலை நிறுவியது இன்றைய சைனாடவுனில். அதற்கு ஓராண்டு முன்பே அதே சவுத் பிரிட்ஜ் சாலையில் சோழமண்டலக் கரையிலிருந்து வந்த சூலியா முஸ்லிம்கள் ஜாமியா பள்ளிவாசலை அமைத்திருந்தார்கள். பக்கத்துத் தெருவான பகோடா தெரு, மாரியம்மன் கோயில் கோபுரத்தால் அப்பெயர் பெற்றது. அந்தப் பெயரைப் பார்த்துப் புத்த விகாரத்தைத் தேடுபவர்கள் உண்டு. வட்டித் தொழில் செய்த செட்டியார்களின் கிட்டங்கிகள், அதாவது அவர்கள் தங்கித் தொழில் நடத்திய கூடங்கள், மார்க்கெட் தெருவில் இருந்தன. இன்று அங்கே நிற்பவை வானளாவிய கட்டடங்கள். ஆகவே தமிழர் வரலாற்றைத் தேடுபவர் சைனாடவுனுக்குக் கூடுதல் நேரம் கேட்பது நியாயமே.

சிராங்கூன் சாலை வளர்ந்த கதை வேறு. அங்கே கால்நடை வணிகம் செழித்தது, அதையொட்டி இந்தியத் தொழிலாளர்களும் வணிகர்களும் குடியேறினார்கள். பஃபலோ சாலை என்று ஒன்றும் கெர்பாவ் சாலை என்று ஒன்றும் அருகருகே இருக்கின்றன. கெர்பாவ் என்பது எருமைக்கான மலாய்ச் சொல். ஆக, எருமைச் சாலை என்ற ஒரே பெயர் இரு மொழிகளில் இரு தெருக்களுக்கு! அந்தக் கெர்பாவ் சாலையில்தான் 1900-இல் கட்டப்பட்ட டான் டெங் நியா என்ற சீன வணிகரின் வீடு பல வண்ணங்களோடு நிற்கிறது. தேக்கா என்ற பெயரும் தமிழன்று. சிறு மூங்கிலைக் குறிக்கும் ஹொக்கியன் என்ற சீனக் கிளைமொழிச் சொல்லிலிருந்து வந்தது. உள்ளூர்த் தமிழர்கள் பேச்சில் லிட்டில் இந்தியா என்பதைவிடத் தேக்கா என்பதே இயல்பாக வரும். டன்லப் தெருவின் அப்துல் கஃபூர் பள்ளிவாசல் முகப்பில் 25 கதிர்கள் கொண்ட சூரிய வடிவம் உண்டு. கதிருக்கொன்றாக 25 நபிமார்களின் பெயர்கள் அரபு எழுத்தில் பொறிக்கப்பட்டுள்ளன. ரேஸ் கோர்ஸ் சாலையில் தாய்லாந்துத் துறவி நிறுவிய புத்தர் கோயிலில் 15 மீட்டர் உயரப் புத்தர் அமர்ந்திருக்கிறார். இவை மதுரைக் கடைத்தெருவில் கிடையா.

இன்னொன்றும் உண்டு. சிராங்கூன் சாலையிலுள்ள சீனிவாசப் பெருமாள் கோயிலிலிருந்துதான் தைப்பூசக் காவடிகள் டேங்க் ரோடு தெண்டாயுதபாணி கோயிலுக்குப் புறப்படுகின்றன. தீபாவளிக்கு முன்வரும் தீமிதியின்போது பக்தர்கள் அதே பெருமாள் கோயிலிலிருந்து மாரியம்மன் கோயில்வரை நடக்கிறார்கள். பெருமாள் சன்னிதியில் தொடங்கி முருகனிடமும் அம்மனிடமும் முடியும் இந்த நடையே இரு வட்டாரங்களையும் இணைக்கிறது. ஒரு வட்டாரத்தை வெட்டிவிட்டுப் பார்த்தால் இது புரியாது. மகனிடம் இதைச் சொல்லிப் பாருங்கள். அப்படியும் மறுத்தால் அவரைச் சைனாடவுனிலேயே விட்டுவிட்டு நீங்கள் மட்டும் போய் வாருங்கள்.

கேள்வி: சிங்கப்பூரில் 20 ஆண்டுகளாக வசிக்கும் என் நண்பரின் உறவினர், குறைந்த தொகைக்கு எங்களை அழைத்துச் சென்று காட்டுவதாகச் சொல்கிறார். ஏற்கலாமா? உரிமம் உள்ளவர் என்பதை எப்படி அறிவது?
— வாசகர், கோயம்புத்தூர்

பதில்: உறவினர் அன்பினால் அழைத்துச் சென்று காட்டுவது வேறு, கூலி வாங்கிக்கொண்டு வழிகாட்டுவது வேறு. பணம் பெற்றுக்கொண்டு சுற்றுலாப் பயணிகளுக்கு வழிகாட்டுபவர் சிங்கப்பூர்ப் பயணத்துறைக் கழகத்தின் உரிமம் பெற்றிருக்க வேண்டும் என்பது அந்நாட்டுச் சட்டம். உரிமமின்றிச் செய்வது குற்றம். உரிமம் பெற்றவர் பணியின்போது அடையாள அட்டையை அணிந்திருப்பார். அவர் பெயரைக் கழகத்தின் இணையப் பட்டியலில் நீங்களே தேடிச் சரிபார்க்கலாம். உறவினரின் வீட்டில் சாப்பிட்டுவிட்டு, தொகை பேசாமல் அவரோடு சுற்றி வாருங்கள். தொகை பேசுவதாக இருந்தால் உரிமம் உள்ளவரிடமே பேசுங்கள்.

கேள்வி: தமிழ் வழிகாட்டி கிடைப்பாரா? இறுதியில் அன்பளிப்பு கொடுக்க வேண்டுமா?
— வாசகி, காரைக்குடி

பதில்: சிங்கப்பூரின் நான்கு ஆட்சிமொழிகளில் தமிழும் ஒன்று, தமிழில் வழிநடத்தக்கூடியவர்கள் இருக்கிறார்கள். ஆங்கிலத்தில் நடத்துவோரைவிட அவர்கள் குறைவு என்பதால் சில வாரங்கள் முன்னதாகவே எழுதிக் கேளுங்கள். உங்கள் குழுவில் ஆங்கிலம் அறியாத பெரியவர்கள் இருந்தால் தமிழை வலியுறுத்துங்கள். பாதி நேரத்தை மொழிபெயர்ப்பில் கழித்தால் யாருக்கும் நிறைவிராது. மற்றபடி, மொழியைவிட வட்டாரத்தை ஆழமாக அறிந்தவரா என்பதற்கே நான் முதலிடம் தருவேன். காரைக்குடியிலிருந்து போகும் நீங்கள் கிட்டங்கிகள் இருந்த இடத்தை விசாரித்துப் பாருங்கள். எந்த மொழியில் சொன்னாலும், தயங்காமல் மார்க்கெட் தெரு என்று சொல்கிறாரா என்பது தெரிந்துவிடும்.

அன்பளிப்பு அங்கே வழக்கமும் இல்லை, எதிர்பார்ப்பும் இல்லை. மனமுவந்து கொடுத்தால் மறுக்க மாட்டார்கள். கொடுக்காவிட்டால் முகம் சுளிக்கவும் மாட்டார்கள்.