அள்ளுவதற்கு முன் இரண்டு கேள்விகள்: தூர்வாருதல் குறித்த கேள்வி பதில்

குளம், கால்வாய், கிணறு, குழாய் எதுவானாலும் வந்த கேள்விகளில் பாதி "எந்த இயந்திரத்தை வைத்து அள்ளலாம்?" என்றே தொடங்குகின்றன. நீர்நிலை அளவீட்டிலும் தூர்வாரும் பணியிலும் என் காலத்தைக் கழித்தவன் என்ற முறையில், இயந்திரத்துக்கு முன்பு வேறு இரண்டைக் கேட்கச் சொல்வேன். இந்தச் சேறு எங்கிருந்து வந்தது? அள்ளிய பிறகு எங்கே போகப்போகிறது? கீழே உள்ள பதில்கள் பலவும் சுற்றி வந்து இந்த இடத்தில்தான் நிற்கும்.

கேள்வி: ஐயா, எங்கள் குளத்தில் ஆள் உயரத்துக்குச் சேறு இருப்பதாக ஒருவர் சொல்கிறார், முழங்கால் அளவுதான் என்கிறார் இன்னொருவர். யார் சொல்வது சரி?

பதில்: இருவருமே தாங்கள் நின்ற இடத்தைச் சொல்லியிருப்பார்கள். அளந்துவிடுங்கள், பெரிய கருவி எதுவும் வேண்டாம். ஒரு நீளக் கழியின் அடியில் தட்டையான பலகைத் துண்டைப் பொருத்தி நீருக்குள் மெல்ல இறக்கினால், சேற்றின் மேற்பரப்பில் அது தங்கிவிடும். அது முதல் அளவு. அடுத்து கூர்முனை இரும்புக் கம்பியை அதே இடத்தில் அழுத்துங்கள். வெண்ணெயில் இறங்குவதுபோல் இறங்கிக்கொண்டே போய், ஓரிடத்தில் கை தடுக்கும். அது இரண்டாவது அளவு. இரண்டுக்கும் உள்ள வித்தியாசம்தான் சேறு. கம்பியை வெளியே எடுத்து நுனியையும் பாருங்கள். மேலே கறுப்பாக, அழுகல் வாடையோடு ஒட்டியிருப்பது பின்னால் வந்து படிந்தது. நுனியில் மஞ்சளாகவோ சாம்பல் நிறத்திலோ, விரலால் உருட்டினால் திரி போல் நீளும் களி இருந்தால், அதுதான் குளத்தின் சொந்தத் தரை.

பத்து மீட்டருக்கு ஒரு புள்ளியாகக் கட்டம் போட்டு அளந்து சராசரி எடுங்கள். 50 மீட்டர் நீளமும் 40 மீட்டர் அகலமும் உள்ள குளத்தில் சராசரிச் சேறு 60 சென்டிமீட்டர் என்றால் 1,200 கன மீட்டர். நடைக்கு 6 கன மீட்டர் ஏற்றும் டிப்பர் லாரியில் 200 நடை. இந்தக் கணக்கு கையில் இல்லாமல் யாரோடும் ஒப்பந்தம் பேசாதீர்கள். ஈரச் சேற்றில் பெரும்பங்கு தண்ணீர். குளத்தை வற்றவிட்டு, சேறு வெடித்துக் காயும்வரை காத்திருந்தால் நடைகள் வெகுவாகக் குறையும்.

கேள்வி: தண்ணீர் வந்து சேரும் இடத்தில் மணலாக இருக்கிறது, மதகுப் பக்கம் வழுவழுவென்ற களியாக இருக்கிறது. ஏன் இப்படி?

பதில்: ஒரு கண்ணாடிச் சீசாவில் கால் பங்கு சேறும் மீதி நீரும் ஊற்றி, நன்றாகக் குலுக்கி மேசையில் வையுங்கள். மணல் நீங்கள் கையை எடுப்பதற்குள் அடியில் சேர்ந்திருக்கும். அதன்மேல் வண்டல் மெல்லப் படியும். மறுநாள் காலையிலும் மேல்நீர் கலங்கலாகவே இருந்தால் அது களிமண்.

துகளின் விட்டம் பத்தில் ஒன்றானால், அது படியும் வேகம் நூற்றில் ஒன்றாகும். நுண்துகள்களுக்கு இது பொருந்தும். 0.02 மில்லிமீட்டர் வண்டல் அசையாத நீரில் ஒரு மீட்டர் இறங்க முக்கால் மணி நேரம் ஆகும். 0.002 மில்லிமீட்டர் களித்துகளுக்கு அதே ஒரு மீட்டர் மூன்று நாள் பயணம். ஆகவே ஓடிவரும் நீர் குளத்தில் நுழைந்து வேகம் இழந்ததும் மணலை வாசலிலேயே போட்டுவிடுகிறது, களியை மதகுவரை சுமந்து செல்கிறது. வாசலில் விழும் மணலை அங்கேயே பிடித்துவிடலாம், அதற்கு ஒரு குழி போதும். களியை அப்படிப் பிடிக்க முடியாது. அது கிளம்பும் நிலத்திலேயே தடுத்தாக வேண்டும்.

கேள்வி: பொக்லைன் வந்திருக்கும்போதே கூடுதலாக இரண்டு மீட்டர் ஆழப்படுத்திவிடலாமா? தண்ணீர் அதிகம் நிற்குமே?

பதில்: வேண்டாம். இதைக் கெஞ்சியே கேட்கிறேன். குளத்தின் அடியில் இருக்கும் களிப்படலம்தான் தண்ணீரைத் தாங்கிப் பிடிக்கிறது. அதைக் கிழித்து, கீழே உள்ள மணலையோ சிதைந்த பாறையையோ திறந்துவிட்டால் நீர் அதன் வழியே இறங்கிவிடும். தூர்வாரிய ஆண்டு நிரம்பித் ததும்பி, அடுத்த சில மாதங்களிலேயே வறண்டுபோன குளத்தின் கரையில் நின்றிருக்கிறேன். தோண்டிய குழியின் பக்கவாட்டில் மணல் அடுக்கு பளிச்சென்று தெரிந்தது. திரும்பக் களி கொண்டுவந்து திமிசு போட்டு இறுக்குவது, தூர்வாரியதைவிடப் பெரிய வேலையாக முடிந்தது. நிலத்தடி நீர் ஊறுவதற்காகவே வெட்டும் குளமென்றால் அது வேறு கணக்கு.

கரையை ஒட்டியும் வெட்டாதீர்கள். கரையின் அடிக்கால் பலவீனமானால் கரையே சரியும். கரைக்கும் வெட்டுக்கும் இடையே அகலமான திட்டு விட்டு, அதற்கப்பால் சாய்வாக இறக்குங்கள். அதுபோல, வேலையை விரைந்து தொடங்கும் அவசரத்தில் நீரை ஒரே இரவில் வடிக்கக் கூடாது. வெளிநீர் சட்டென்று இறங்கிவிட்டால், கரைக்குள் ஊறியிருக்கும் நீர் வெளியேற நேரமின்றி உள்ளிருந்து தள்ளும். ஈரக் கரைகள் உட்பக்கம் சரிவது பெரும்பாலும் அப்படித்தான்.

கேள்வி: அள்ளிய சேற்றைக் கரையிலேயே குவித்து வைத்திருக்கிறோம். பிறகு எடுத்துக்கொள்ளலாம் அல்லவா?

பதில்: அந்தப் "பிறகு" வருவதற்குள் மழை வந்துவிடும். கரை மேல் குவித்த சேறு கரைந்து, புறப்பட்ட இடத்துக்கே திரும்பும். தூர்வாரும் பணிகளில் நான் அதிகம் கண்ட தவறு இதுதான். மழைநீர் குளத்தை நோக்கி ஓடாத இடத்துக்கு, அன்றன்றே கொண்டுபோய்விடுங்கள்.

வயல் மண்ணும் இலைதழையும் மக்கிச் சேர்ந்த வண்டல் நிலத்துக்கு நல்லது. மணல் நிலத்தில் மெல்லிய அடுக்காகப் பரப்பி உழுதால் ஈரம் தங்கும். ஆனால் தொழிற்சாலைக் கழிவோ நகரச் சாக்கடையோ கலக்கும் நீர்நிலை என்றால், ஆய்வகத்தில் ஈயம், காட்மியம், குரோமியம் போன்ற உலோகங்களுக்குச் சோதிக்காமல் ஒரு கூடை சேற்றைக்கூட வயலில் கொட்டாதீர்கள். கன உலோகங்கள் நுண்களியில்தான் அதிகம் ஒட்டிக்கொள்கின்றன. பார்வைக்கு அருமையான வண்டலாகத் தெரிவதே ஆபத்தாக இருக்கலாம்.

கேள்வி: குளத்தை வற்றவைக்க முடியாது, மீன் இருக்கிறது. நீர் இருக்கும்போதே அள்ள முடியுமா?

பதில்: முடியும். மிதவையில் பொருத்திய வெட்டி உறிஞ்சும் இயந்திரம் அடிச்சேற்றைக் கிளறி, நீரோடு சேர்த்துக் குழாய் வழியே வெளியே தள்ளும். ஆனால் வெளியே வருவது சேறல்ல, கூழ். அதில் மிகப் பெரிய பங்கு தண்ணீர். அந்தக் கூழைத் தெளியவைக்க அகலமான படிவுத் தொட்டியோ, நீரை மட்டும் கசியவிடும் ஜவுளிப் பைகளோ வேண்டும். அதற்கு இடம் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இயந்திரம் வந்து நின்றபின் கூழ் விட இடமில்லாமல் பணி முடங்கிய கதைகள் ஏராளம்.

மீன் குறித்து ஒரு எச்சரிக்கை. ஆண்டுக்கணக்கில் காற்றுப் படாமல் கிடந்த கறுப்புச் சேற்றைக் கலக்கினால், அது நீரிலுள்ள ஆக்சிஜனைப் பறித்துக்கொள்ளும். விடியற்காலையில் மீன்கள் மேலே வந்து வாயைத் திறந்து தவித்தால் உடனே வேலையை நிறுத்துங்கள். பகுதி பகுதியாக, இடைவெளி விட்டுச் செய்யுங்கள். மீனும் பறவையும் இனப்பெருக்கம் செய்யும் மாதங்களைத் தவிர்த்துவிடுங்கள்.

கேள்வி: கால்வாயை ஒவ்வோர் ஆண்டும் தூர்வாருகிறோம், அகலமும் ஆக்கினோம். முன்பைவிட வேகமாகத் தூர்ந்துபோகிறது.

பதில்: அகலமாக்கியதுதான் காரணம். அதே அளவு நீர் அகன்ற வாய்க்காலில் மெதுவாக ஓடும், மெதுவாக ஓடும் நீர் வண்டலைக் கீழே போடும். 1895-இல் பஞ்சாபின் மேல் பாரி தோவாப் கால்வாய்களை அளந்த கென்னடி என்ற பொறியாளர், ஒவ்வோர் ஆழத்துக்கும் படிவும் அரிப்பும் ஏற்படாத ஒரு வேகம் உண்டு என்று கண்டார். அங்கே ஒரு மீட்டர் ஆழத்துக்கு அது வினாடிக்கு 0.55 மீட்டர் அளவில் இருந்தது. வண்டலின் பருமனைப் பொறுத்து எண் மாறும், கருத்து மாறாது.

ஆகவே பழைய அகலத்துக்கும் சரிவுக்கும் திரும்புங்கள். எப்போதும் அரைக் கால்வாய் நீர் விடுவதைவிட, முறை வைத்து முழுக் கால்வாயாக விடுவது வண்டலைத் தள்ளிக்கொண்டு போகும். நீர்த்தாவரங்களை அகற்றுங்கள், அவையும் வேகத்தைத் தின்பவை. ஆற்றிலிருந்து கால்வாய்க்கு நீர் திறக்கும் தலைமதகின் வாசற்படியையும் பாருங்கள். ஆற்றின் அடிநீரில்தான் வண்டல் அதிகம். படி தாழ்வாக இருந்தால் அவ்வளவும் உள்ளே வரும். ஆற்று வளைவின் உட்பக்கத்தில் மதகு அமைந்திருந்தால் துன்பம் இரட்டிப்பு, ஏனென்றால் அடியோட்டம் மணலை உட்பக்கத்துக்கே உருட்டி வருகிறது.

கேள்வி: பெரிய அணைகளை இப்படி அள்ளிவிட முடியாதா?

பதில்: அள்ளிக் கட்டுப்படியாகாது. வருவதை உள்ளே தங்கவிடாமல் கடத்துவதே வழி. 1902-இல் முடிந்த பழைய அஸ்வான் அணையில் 180 மதகுகள் வைத்தார்கள். நைல் கலங்கி வரும்போது திறந்துவிட்டு, வெள்ளம் தணிந்து தெளிந்த பிறகு தேக்கினார்கள். 1970-இல் முடிந்த உயர் அணை அப்படியல்ல. வண்டல் ஏறக்குறைய முழுவதும் அதன் பின்னே தங்கிவிட, நைல் கழிமுகத்தின் கடற்கரையைக் கடல் அரிக்கிறது. சீனாவின் மஞ்சள் ஆற்றில் சான்மென்சியா அணை 1960-இல் நீரைத் தேக்கத் தொடங்கி, ஓரிரு ஆண்டுகளிலேயே வண்டலால் திணறியது. பிறகு அடிமட்டத் திறப்புகளைச் சேர்த்து, கலங்கலை விட்டுத் தெளிவைத் தேக்கும் முறைக்கு மாறினார்கள். ஜப்பானின் நுனோபிகி அணையிலோ 1908-லேயே வண்டலைச் சுற்றிக் கடத்தும் சுரங்கம் அமைத்துவிட்டார்கள்.

தமிழ்நாட்டு ஏரிகளில் நீர் திறந்துவிடும் பழைய அமைப்பான குமிழித் தூம்பும் இதே அறிவுதான். மேலே நீரோடித் துளை, கீழே சேறோடித் துளை. பாசனத்துக்கு நீர் போகும்போதே சேறும் கொஞ்சம் வெளியேறி வயலுக்குப் போகும். அதைக் கட்டியவர்களை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் நெகிழும்.

கேள்வி: ஆற்றைத் தூர்வாருகிறோம் என்று மணலை அள்ளுகிறார்கள். இது சரியா?

பதில்: தவறு. ஆற்று மணல் தூர் அல்ல, ஆற்றின் உடல். அதில் ஆழமான பள்ளம் பறித்தால், பள்ளத்தின் மேல்விளிம்பு அரிபட்டு மேல்நோக்கி நகர்ந்துகொண்டே போகும். பாலத்தின் தூண்கள் அடித்தளம் தெரிய நிற்கும், கரையோரக் கிணறுகளின் நீர்மட்டம் இறங்கும். பாலத்தடியில் அடைத்த திட்டையோ முகத்துவாரத்தில் மூடிய மணலையோ விலக்குவது வேறு.

கேள்வி: சொட்டுநீர்க் குழாய்கள் அடைத்துக்கொள்கின்றன.

பதில்: மணல் வந்தால் சுழல் வடிகட்டி. பாசியும் நுண்வண்டலும் வந்தால் மணல் வடிகட்டி, அதற்குப் பின் 120 மெஷ் (அங்குலத்துக்கு 120 கண்கள்) தட்டு வடிகட்டி. அதற்குப் பிறகும் களி உள்ளே போகும், ஆகவே பக்கக் குழாய்களின் கடைசி மூடியைத் திறந்து தெளிநீர் வரும்வரை அடித்துவிடுங்கள். எல்லா மூடிகளையும் ஒரே நேரத்தில் திறக்காதீர்கள், வேகம் கிடைக்காது.

கேள்வி: கிணற்றில் இறங்கிச் சேறு அள்ளப் போகிறோம். மெழுகுவர்த்தி இறக்கிப் பார்த்தோம், அணையவில்லை. இறங்கலாமா?

பதில்: இறங்காதீர்கள். சுடர் அணையாவிட்டால் ஆக்சிஜன் ஓரளவு இருக்கிறது என்பது மட்டுமே தெரியும். சேற்றைக் கிளறும்போது கிளம்பும் ஹைட்ரஜன் சல்பைடை அது காட்டாது. அழுகிய முட்டை வாடையை நம்பவும் முடியாது, வாயு அடர்ந்தால் மூக்கு மரத்து வாடையே தெரியாமல் போகும்.

நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு கிணற்றுக்குள் பெட்ரோல் என்ஜின் பம்பை இறக்கி ஓட்டினார்கள். அதன் புகையிலுள்ள கார்பன் மோனாக்சைடு உள்ளேயே தங்கியது. முதலில் இறங்கியவர் மயங்கி விழுந்தார். "அண்ணா" என்று கத்திக்கொண்டே அவருடைய தம்பி இறங்கினார். கயிறு இருந்தது, மேலே ஆறு பேர் இருந்தோம், இடுப்பில் கட்டத்தான் நேரம் இல்லை என்று நினைத்துவிட்டார். இருவரும் உயிரோடு வரவில்லை.

சேற்று பம்பையோ உறிஞ்சும் லாரியையோ மேலிருந்தே இயக்கி எடுங்கள். கிணறு, மூடிய தொட்டி, சாக்கடைக் குழி எல்லாவற்றுக்கும் இதுதான். ஆளை இறக்கித்தான் ஆகவேண்டும் என்று யாராவது சொன்னால், வாயு அளவி, தொடர்ந்து காற்றூட்டும் விசிறி, இடுப்புப் பட்டை, மேலே தூக்கும் முக்காலி, பயிற்சி பெற்ற ஆள் அனைத்தும் உள்ளனவா என்று கேளுங்கள். ஒன்று குறைந்தாலும் வேலையை நிறுத்துங்கள்.

கேள்வி: வீட்டு மேல்நிலைத் தொட்டியில் அடிக்கடி வண்டல்.

பதில்: வெளியேறும் குழாய் தரையிலிருந்து நான்கு விரற்கடை உயரத்தில் இருக்கட்டும். தரைமட்டத்தில் தனியாக ஒரு கழிவுக் குழாய் வைத்து அவ்வப்போது திறந்துவிடுங்கள்.

கேள்வி: குளத்தின் வாசலில் வண்டல் பிடிக்கும் குழி வெட்டினோம். ஒரே மழையில் நிறைந்துவிட்டது. வீண் வேலையா?

பதில்: நிறைந்தது என்றால் குழி தன் வேலையைச் செய்திருக்கிறது. குழி இல்லாவிட்டால் அதில் இருப்பது முழுவதும் குளத்துக்குள் போயிருக்கும். இப்போது அந்த மண்ணைக் கையில் எடுத்து நிறத்தைப் பாருங்கள். பிறகு அடுத்த மழையில் குடையோடு வரத்துக் கால்வாய் வழியே மேலே நடங்கள். ஒவ்வொரு கிளை சேரும் இடத்திலும் எது கலங்கல், எது தெளிவு என்று பார்த்துக்கொண்டே போனால், வழியெல்லாம் சிவந்து வரும் ஒரு கிளையைக் காண்பீர்கள்.

அப்படி ஒருமுறை நான் நடந்தபோது, பெரிய நிலப்பரப்பு எதுவும் குற்றவாளி இல்லை. சாலைக்காக வெட்டி விட்டிருந்த ஒரு செம்மண் சரிவும், அதன் கீழே மாடுகள் இறங்கி இறங்கிக் கரை உடைந்த ஒரு திருப்பமும்தான். சரிவின் குறுக்கே வெட்டிவேர் வரிசைகள் வைத்தார்கள், மாடுகளுக்குக் கல் பாவிய இறங்குதளம் ஒன்று கட்டினார்கள். குழி நிறைய ஒரு மழைக்குப் பதில் ஒரு பருவம் ஆனது.

உங்கள் குழியை அடுத்த மழைக்கு முன்பே காலி செய்துவிடுங்கள். எடுத்த மண்ணைக் கரையில் கொட்டாதீர்கள்.