ஆட்டுக்கிடைக்கு வந்த பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கலாமா?

கேள்வி: திருவாரூர் பக்கம் எங்கள் ஊர். அறுப்பு முடிந்த வயலில் எருவுக்காக ஆடுகளை அடைத்துக் கிடை போட ராமநாதபுரத்திலிருந்து ஆடு மேய்க்கும் ஒரு கீதாரி குடும்பம் வந்திருக்கிறது. அவர்களுடைய ஒன்பது வயது மகள் பகலெல்லாம் கிடையிலேயே இருக்கிறாள். கையில் டி.சி. இல்லை, இரண்டு மாதத்தில் கிளம்பிவிடுவார்களாம். எங்கள் ஊர்ப் பள்ளியில் சேர்ப்பார்களா?

பதில்: நாளைக்கே அழைத்துப் போங்கள். 2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் 6 முதல் 14 வயது வரையுள்ள எல்லாப் பிள்ளைகளுக்கும் பொருந்தும். டி.சி. வரவில்லை, வயதுச் சான்று இல்லை, ஆண்டு பாதி போய்விட்டது என்று எதைச் சொல்லியும் திருப்பி அனுப்பக் கூடாது. வயதுக்கேற்ற வகுப்பில் சேர்த்து, விட்டுப்போன பாடத்துக்குத் தனிப் பயிற்சியும் தர வேண்டும். சொந்த ஊரில் படித்திருந்தால் எமிஸ் எண், அதாவது கல்வித்துறை ஒவ்வொரு மாணவருக்கும் தரும் பதிவு எண், இருக்கும். பழைய பள்ளிக்கு ஒரு போன் போட்டுக் கேளுங்கள். இழுத்தடித்தால் கல்வித்துறையின் 14417-க்குச் சொல்லுங்கள்.

காகிதத்தைவிடப் பெரிய சிக்கல் கிடையில் இருக்கிறது. காலையில் குட்டிகளுக்குப் பால் ஊட்டியதும் பெரிய ஆடுகளை மேய்ச்சலுக்கு ஓட்டிவிடுவார்கள். இளங்குட்டிகள் கூண்டுக்குள் கிடக்கும். வெயில் ஏற ஏறக் கூண்டை நிழலுக்கு நகர்த்த வேண்டும், நாய் அண்டாமல் பார்க்க வேண்டும். பல கிடைகளில் அந்த வேலை பிள்ளைகள் தலையில்தான் விழுகிறது. அப்பா தயங்கினால் படிப்பில் அக்கறை இல்லை என்று நினைத்துவிடாதீர்கள். ஒரு குட்டி செத்தாலும் அவருக்கு நஷ்டம். உங்கள் மாட்டுக்கொட்டகையில் பகலுக்கு மட்டும் கூண்டு வைக்க இடம் கொடுங்கள், ஒரு கண் பார்த்துக்கொள்ளுங்கள். இதைச் செய்யாமல் ‘பிள்ளையை அனுப்புங்க’ என்று மட்டும் சொன்னால் நடக்காது.

டீச்சரிடமும் ஒரு வார்த்தை சொல்லிவையுங்கள். சாயங்காலம் மந்தை திரும்பியதும் கத்திக்கொண்டு ஓடும் குட்டிகளில் எது எந்தத் தாயுடையது என்று பிரித்துவிடுகிற பிள்ளைகள் இவர்கள். எழுத்துக்கூட்டி வாசிக்கத் திணறினால் மக்கு என்று ஒதுக்கிவிட வேண்டாம். ஆடுகளைப் பற்றிப் பேசச் சொல்லட்டும், அப்புறம் அதையே எழுதச் சொல்லட்டும்.

விடுதி பற்றியும் யோசிப்பீர்கள். அரசின் பிற்படுத்தப்பட்டோர் நல விடுதிகளில் 4-ஆம் வகுப்பிலிருந்து சேர்க்கிறார்கள், சாப்பாடும் தங்கலும் இலவசம். ஆனாலும் ஒன்பது வயதில் தாயை விட்டுப் பிரிப்பதை நான் அவசரமாகச் சொல்ல மாட்டேன். அவளைப் பார்த்துக்கொள்ள அவர்களுடைய சொந்த ஊரில் அப்பத்தாவோ அம்மாச்சியோ இருக்கிறார்களா என்று முதலில் கேளுங்கள்.

கிடை கிளம்பும் முன்பு எமிஸ் எண்ணையும் பள்ளியின் போன் நம்பரையும் ஒரு தாளில் எழுதி, பிளாஸ்டிக் உறையில் போட்டு அம்மா கையில் கொடுங்கள். ரேஷன் கார்டு வைக்கிற பையிலேயே அதையும் வைக்கச் சொல்லுங்கள்.