கன்ஸ்யூமர் கோர்ட்டில் எனக்கு 4 லட்சம் தரச் சொல்லி உத்தரவு வந்துவிட்டது. கம்பெனி அப்பீல் போனால் பாதிப் பணம் கட்ட வேண்டுமா? அந்தப் பணம் எனக்குக் கிடைக்குமா?

கட்டித்தான் ஆக வேண்டும். 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தின் 41ஆவது பிரிவுப்படி, மாவட்ட ஆணையம் (நீங்கள் சொல்லும் கன்ஸ்யூமர் கோர்ட்) பணம் கொடுக்கச் சொன்ன தரப்பு அதில் 50 சதவீதத்தைக் கட்டினால்தான் மாநில ஆணையம் அப்பீலை எடுத்துக்கொள்ளும். 'இழப்பீடு' என்று மட்டும் சட்டம் சொல்லவில்லை, உத்தரவுப்படி கொடுக்க வேண்டிய தொகை என்கிறது. அதனால் வட்டி, வழக்குச் செலவு எல்லாம் சேர்த்துத்தான் அந்தப் பாதியைப் பார்க்க வேண்டும்.

ஆனால் உங்கள் புகார் எந்தத் தேதியில் தாக்கலானது என்று நீங்கள் எழுதவில்லை. விஷயமே அதில்தான் இருக்கிறது. புதிய சட்டம் 20.7.2020 அன்று நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் போட்ட வழக்கு என்றால் 1986ஆம் ஆண்டுச் சட்டத்தின் கணக்குதான்: பாதித் தொகை அல்லது 25,000 ரூபாய், இதில் எது குறைவோ அது. தீர்ப்பு 2023இல் வந்திருந்தாலும் இதே கதைதான். பழைய வழக்குகளுக்குப் புதிய 50 சதவீத நிபந்தனை பொருந்தாது என்று உச்ச நீதிமன்றம் 2022 பிப்ரவரியில், இ.சி.ஜி.சி. நிறுவனம் சம்பந்தப்பட்ட வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது.

என் வழக்கு 2018இல் போட்டது, ஒரு பில்டர் மீது. ஆறு லட்சத்துக்கு மேல் உத்தரவானது. அவர் 25,000 ரூபாய்க்கு ஒரு டிடி எடுத்து வைத்துவிட்டு நிம்மதியாக அப்பீல் போய்விட்டார். எனக்கு வந்த எரிச்சல் கொஞ்சநஞ்சமல்ல. பெரிய தொகைக்கு அந்த 25,000 ஒரு தடையே இல்லை, இழுத்தடிப்பதற்கான நுழைவுக் கட்டணம். 2019 சட்டத்தில் அந்த உச்சவரம்பை எடுத்தது சரியான வேலை என்பேன். உத்தரவுத் தொகை 50,000க்குள் இருந்தால் பழைய சட்டமானாலும் புதிய சட்டமானாலும் கட்டுவது ஒன்றேதான் என்பதையும் கவனியுங்கள். மாற்றம் உறைப்பது பெரிய தொகைகளில்தான். ஒரு சின்னக் கடைக்காரர் மீது பெரிய உத்தரவு வந்தால் அவருக்கும் இது வலிக்கும், அதையும் மறுப்பதற்கில்லை.

அந்தப் பணம் உடனே உங்கள் கைக்கு வராது. ஆணையத்தில் இருக்கும். அப்பீல் தள்ளுபடியானால் மனு போட்டு எடுக்கலாம்.

பலரும் கோட்டை விடுவது அடுத்த இடத்தில். டெபாசிட் கட்டியதாலேயே உத்தரவுக்குத் தடை வந்துவிடாது. டெபாசிட் அப்பீலை உள்ளே விடுவதற்கு. ஸ்டே வேண்டுமென்றால் அதற்குத் தனி மனு போட்டு, தனி உத்தரவு வாங்க வேண்டும். இந்த இரண்டும் வேறு வேறு என்று 2021 டிசம்பரில், மனோகர் இன்ஃப்ராஸ்ட்ரக்சர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. காரணம் எழுதி, ஸ்டேவுக்காக 50 சதவீதத்துக்கு மேலும் கட்டச் சொல்லலாம் என்றும் அதில் இருக்கிறது. அதனால் ஸ்டே மனு வந்தால் உங்கள் வக்கீல் சும்மா இருக்கக் கூடாது, மீதியையும் கட்டச் சொல்லிக் கேட்க வேண்டும்.

ஸ்டே இல்லையா, உத்தரவை அமல்படுத்தச் சொல்லி 71ஆவது பிரிவில் நிறைவேற்று மனு போடுங்கள். சிவில் கோர்ட் தீர்ப்பாணை (டிகிரி) மாதிரியே சொத்து ஜப்தி வரை போகலாம். 72ஆவது பிரிவில் ஒரு மாதத்துக்குக் குறையாத, மூன்று ஆண்டு வரையான சிறைத்தண்டனைக்கும் இடமுண்டு. அப்பீல் நிலுவையில் இருக்கிறதே என்று நான் காத்திருந்தவரை பில்டர் போனே எடுக்கவில்லை. நிறைவேற்று மனுவுக்கு நோட்டீஸ் போன பிறகு அவரே ஆளனுப்பிப் பேச வந்தார்.

புதிய சட்டப்படி அப்பீலுக்குக் கெடு உத்தரவு தேதியிலிருந்து 45 நாள். தாமதத்துக்குத் தக்க காரணம் காட்டினால் ஆணையம் மன்னிக்கலாம், அதனால் 46ஆம் நாளே இனிப்பு வாங்கிவிடாதீர்கள். 4 லட்சம் போதாது, கூட்டித் தர வேண்டும் என்று நீங்களே அப்பீல் போவதாக இருந்தாலும் இதே 45 நாள்தான். ஆனால் நீங்கள் யாருக்கும் பணம் தர வேண்டியவர் இல்லையே, உங்களுக்கு டெபாசிட் கிடையாது.