நியூயார்க்கின் யார்க்வில் ஜெர்மானியர் பேட்டையாக இருந்து பணக்காரர் பகுதியானது எப்படி?

மன்ஹாட்டனின் அப்பர் ஈஸ்ட் சைடில், சென்ட்ரல் பார்க்குக்குக் கிழக்கே ஆற்றை ஒட்டிய பகுதிதான் யார்க்வில். ஐந்தாம் அவென்யூ மாளிகைகளிலிருந்து நடந்தே போய்விடலாம். ஆனாலும் நெடுங்காலம் இது தொழிலாளர் குடியிருப்பு.

காரணம் ரயில். 1878-80இல் மூன்றாம், இரண்டாம் அவென்யூக்களின் மேலே இரும்புத் தூண்களில் ரயில் ஓடத் தொடங்கியது. புகை, இரைச்சல், தெருவில் இருட்டு. அதனால் வாடகை குறைவு. ரூப்பர்ட் போன்ற பீர் ஆலைகளிலும் சுருட்டுப் பட்டறைகளிலும் வேலை கிடைத்தது. ஜெர்மானியர் 86ஆம் தெருவைச் சுற்றியும், செக் மக்கள் எழுபதுகளில் எண் கொண்ட (71, 72, 73…) தெருக்களிலும், ஹங்கேரியர் இரண்டுக்கும் நடுவிலும் குடியேறினர். 73ஆம் தெருவில் செக் மக்கள் எழுப்பிய பொஹீமியன் நேஷனல் ஹால் இன்றும் கம்பீரமாக நிற்கிறது. அவசியம் பார்க்க வேண்டிய கட்டடம்.

சந்தையை ஒட்டிய தெருவில் வாடகை மலிவாக இருக்கும். சந்தையை இடம் மாற்றினால் அதே வீட்டுக்கு வாடகை ஏறிவிடும். இங்கும் அதுவே நடந்தது. 1955இல் மூன்றாம் அவென்யூ ரயில் நின்றது, தூண்கள் அகற்றப்பட்டன, வெளிச்சம் வந்தது. பின்னாலேயே அடுக்குமாடிகளும் வந்தன. 1965இல் ரூப்பர்ட் ஆலையும் மூடப்பட்டது. பழைய குடும்பங்களுக்கு வாடகை கட்டுப்படியாகவில்லை. பிள்ளைகள் புறநகருக்குப் போனார்கள். இது உண்மையான இழப்பு.

1904இல் மன்ஹாட்டனின் தெற்கே வாழ்ந்த ஜெர்மானியர் உல்லாசப் பயணம் போன ஜெனரல் ஸ்லோகம் கப்பல் தீப்பிடித்து ஆயிரம் பேருக்கு மேல் இறந்த பிறகுதான் ஜெர்மானியர் இங்கே வந்தார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அந்த இடப்பெயர்வு அதற்குமுன்பே தொடங்கிவிட்டது, விபத்து அதை வேகப்படுத்தியது.