ஓய்வு நாளை வெட்டியது யார்?

கேள்வி: ஐயா, நான் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் தமிழ்ப்பள்ளி ஆசிரியை. வயது 44. அப்பா, அம்மா இருவரும் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டியவர்கள். போன அக்டோபரில் கோலாலம்பூர் பயண நிறுவனம் ஒன்றின் மூலம் எவரெஸ்ட் அடிவார முகாமுக்கு 14 நாள் நடைப்பயணம் போனேன். கட்டணம் 7,900 ரிங்கிட், 'காப்புறுதி உட்பட'. நடை தொடங்கும் லுக்லாவுக்குப் போகும் விமானம் மூடுபனியால் இரண்டு நாள் தாமதமானது. அதைச் சரிக்கட்ட, எங்களோடு வந்த நிறுவனத்தின் குழுத்தலைவர், நாம்சேயிலும் டிங்போச்சேயிலும் இருந்த இரண்டு ஓய்வு நாள்களையும் எடுத்துவிட்டார். டிங்போச்சேயில் எனக்கு மண்டையைப் பிளக்கும் தலைவலி, வாந்தி. "எல்லாருக்கும் வர்றதுதான் டீச்சர், பனடோல் போட்டுட்டு வாங்க" என்றார். மறுநாள் லொபுச்சேயில் மூச்சு வாங்கி நடக்கவே முடியவில்லை. ஹெலிகாப்டரில் காட்மண்டுவுக்குக் கொண்டுபோனார்கள். நுரையீரலில் நீர் கோத்திருக்கிறது என்றார் டாக்டர். இப்போது குணமாகிவிட்டேன். ஹெலிகாப்டருக்கான 18,600 ரிங்கிட்டைத் தம்பியின் கார்டில் கட்டினோம். 4,000 மீட்டருக்கு மேல் பொறுப்பில்லை என்று காப்புறுதி நிறுவனம் கைவிரித்துவிட்டது. பயண நிறுவனமோ 'எல்லா ஆபத்துக்கும் நானே பொறுப்பு' என்று நான் கையெழுத்திட்ட தாளைக் காட்டுகிறது. 1,000 ரிங்கிட்டுக்கு வவுச்சர் தருகிறோம், ஒரு கடிதத்தில் கையெழுத்துப் போடுங்கள் என்கிறது. நேப்பாளத்தில்தான் வழக்குப் போட முடியும் என்கிறார் பக்கத்து வீட்டு அண்ணன். இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். எனக்கு லேசான இரத்த அழுத்தம் உண்டு. மருத்துவப் படிவத்தில் 'இல்லை' என்று எழுதிவிட்டேன். பணம் கிடைக்குமா?

பதில்: டீச்சர், முதல் வேலை, அந்த வவுச்சர் கடிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். 'முழுமையான, இறுதித் தீர்வாக ஏற்றுக்கொள்கிறேன்' என்ற ஒரு வரி அதில் எங்காவது இருக்கும். இருந்தால் 1,000 ரிங்கிட்டோடு உங்கள் கதை முடிந்தது. அதுவும் ரொக்கம் இல்லை, அதே நிறுவனத்தோடு இன்னொரு பயணம் போவதற்கான வவுச்சர்.

பக்கத்து வீட்டு அண்ணன் சொன்னதை மறந்துவிடுங்கள். நீங்கள் பணம் கட்டியது மலேசிய நிறுவனத்திடம், மலேசியாவில், ரிங்கிட்டில். விளம்பரம் அவர்களுடையது, ரசீது அவர்களுடையது, விலையை வைத்ததும் அவர்கள். மலையில் உங்களை நடத்திச் சென்ற நேப்பாள நிறுவனத்தை அமர்த்தியவர்களும் அவர்களே. 'நாங்கள் வெறும் முகவர்கள், அங்கே நடப்பதற்குப் பொறுப்பில்லை' என்று விதிமுறைகளின் கடைசிப் பக்கத்தில் பொடி எழுத்தில் போட்டிருப்பார்கள். உங்கள் விஷயத்தில் அது எடுபடுவது கடினம். ஓய்வு நாளை எடுத்துவிட முடிவு செய்தவர் அவர்களே அனுப்பிய ஆள்.

அடுத்து, நீங்கள் கையெழுத்திட்ட தாள். இதைக் கொஞ்சம் பொறுமையாகப் பார்க்க வேண்டும், ஏனென்றால் இங்கேதான் எல்லாரும் மனம் உடைந்து திரும்பிவிடுகிறார்கள். 'கையெழுத்துப் போட்டாச்சு சார், இனி என்ன செய்வது' என்று என் மேசைக்கு முன்னால் உட்கார்ந்து சொன்னவர்கள் எத்தனையோ பேர்.

அந்தத் தாள் முற்றிலும் செல்லாது என்று நான் சொல்ல மாட்டேன். மலை ஏறப்போகிறவர் மலையின் ஆபத்தைத் தெரிந்துதான் போகிறார். பனி விழலாம், கால் வழுக்கலாம், எல்லாம் சரியாக நடந்தாலும் சிலருக்கு மலை நோய் வரலாம். இவற்றுக்கு நிறுவனத்தின் சட்டையைப் பிடிக்க முடியாது. ஆனால் அவர்களுடைய கவனக்குறைவுக்கும் சேர்த்தா நீங்கள் கையெழுத்துப் போட்டீர்கள்? 1999ஆம் ஆண்டுப் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தில் 2010இல் புதிதாக ஒரு பகுதியைச் சேர்த்தார்கள். தகுந்த காரணம் இல்லாமல் ஒரு தரப்பு தன் கவனக்குறைவுக்கான பொறுப்பைத் தட்டிக் கழிக்கும் விதி நியாயமற்றது என்கிறது அதன் 24டி பிரிவு. அப்படிப்பட்ட விதியைச் செல்லாது என்று ஒதுக்கிவைக்கலாம். அதே சட்டத்தின் 53ஆம் பிரிவு, சேவை வழங்குபவர் நியாயமான கவனத்தோடும் திறமையோடும் அதைச் செய்ய வேண்டும் என்கிறது. இந்தச் சட்டப் பாதுகாப்பு வேண்டாம் என்று நீங்களே எழுதிக்கொடுத்தாலும் அது உங்களைக் கட்டாது.

இதோடு 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 29ஆம் பிரிவும் இருக்கிறது. ஒருவர் நீதிமன்றத்துக்குப் போகவே முடியாதபடி வழியை அடைக்கும் ஒப்பந்தம் செல்லாது என்கிறது அது. 2018 டிசம்பரில் நாட்டின் மிக உயர்ந்த நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் ஒரு வங்கிக் கடன் வழக்கில் இதை அழுத்தமாகச் சொன்னது. வீட்டைக் கட்டும் நிறுவனத்துக்கு வங்கி கட்ட வேண்டிய தவணையை நேரத்தில் கட்டாமல் விட்டதால் கடனாளியின் வீடு வாங்கும் ஒப்பந்தம் ரத்தானது. வங்கியோ, எந்த இழப்புக்கும் பொறுப்பில்லை என்ற விதியைக் காட்டித் தப்பிக்கப் பார்த்தது. நடக்கவில்லை. வங்கியின் அச்சடித்த விதிக்கே அந்தக் கதி என்றால், உங்கள் நிறுவனத்தின் ஒற்றைத் தாளுக்கு நீங்கள் பயப்பட வேண்டியதில்லை.

சரி, கவனக்குறைவு இருந்ததா? லுக்லா தாமதம் எங்கள் கையில் இல்லை என்பார்கள். உண்மைதான். அந்த விமான நிலையத்தில் மூடுபனி இறங்கினால் ஒன்றும் செய்ய முடியாது. ஆனால் வானிலை இரண்டு நாளைத்தான் தின்றது. அந்த இரண்டு நாளைத் திட்டத்தில் எங்கே குறைப்பது என்று முடிவு செய்தவர் மனிதர். அடிவார முகாமை விட்டுவிட்டு டிங்போச்சேயோடு திரும்பியிருக்கலாம். அப்படிச் செய்திருந்தால் உங்களுக்கு ஏமாற்றம் இருந்திருக்கும், ஹெலிகாப்டர் இருந்திருக்காது.

இங்கே எண்களைப் பாருங்கள். நம் தீபகற்பத்தின் மிக உயர்ந்த சிகரமான தாகான் 2,187 மீட்டர். நம் ஊருக்குப் பக்கத்தில் இருக்கும் கோர்பு 2,183 மீட்டர். லுக்லா ஓடுபாதையே ஏறக்குறைய 2,860 மீட்டர். அதாவது நாம் வாழ்நாள் முழுக்க மலை என்று சொல்லி வந்ததைவிட உயரத்தில் விமானம் உங்களை இறக்கிவிடுகிறது. அங்கிருந்து பாக்டிங் 2,610, நாம்சே 3,440, தெங்போச்சே 3,860, டிங்போச்சே 4,410, லொபுச்சே 4,940. மலை மருத்துவர்கள் பரவலாகச் சொல்லும் விதி, 3,000 மீட்டரைத் தாண்டிய பிறகு இரவு தங்கும் இடத்தின் உயரத்தை ஒரு நாளில் 500 மீட்டருக்கு மேல் கூட்டக்கூடாது, மூன்று நான்கு நாளுக்கு ஒருமுறை உயரம் கூட்டாமல் ஒரு நாள் இருக்க வேண்டும் என்பது. பாக்டிங்கிலிருந்து நாம்சேக்கு ஒரே நாளில் 830 மீட்டர். அதனால்தான் நாம்சேயில் இரண்டு இரவு தங்குவது வழக்கம். தெங்போச்சேயிலிருந்து டிங்போச்சே 550, மறுபடி அங்கே இரண்டு இரவு. உங்கள் குழுத்தலைவர் வெட்டியது சரியாக இந்த இரண்டையும். உடம்பு உயரத்துக்குப் பழகட்டும் என்று வைத்த நாள்களை, சும்மா இருக்கும் நாள்கள் என்று அவர் நினைத்துவிட்டார்.

நான் ஒருமுறை கினபாலு ஏறியவன். 4,095 மீட்டர். பானார் லாபானில் இரவு முழுக்கத் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். ஆனால் அங்கே மறுநாளே கீழே இறங்கிவிடலாம். நீங்கள் போனது நாள் கணக்கில் மேலேயே இருக்கிற பாதை.

இன்னொரு கேள்வியை, உங்கள் கோரிக்கையை விசாரிக்கும் நடுவர் முன்னால் நீங்கள் கேட்டே ஆக வேண்டும். டிங்போச்சேக்கு ஒரு மேட்டைத் தாண்டினால் பெரிச்சே. அங்கே இமாலய மீட்புச் சங்கம் நடைப்பயணப் பருவத்தில் ஒரு மருத்துவ நிலையத்தை நடத்துகிறது. வாந்தி எடுத்தவரை அங்கே ஏன் காட்டவில்லை? மலை நோயின் அறிகுறி இருக்கும்போது மேலே ஏறக்கூடாது என்பது அந்தப் பாதையில் வழிகாட்டும் எவருக்கும் தெரிந்த பாடம். பனடோல் தலைவலியைக் குறைக்கும். நோயை மறைக்கும்.

இப்போது காப்புறுதி. உங்கள் கடிதத்தில் எனக்கு மிகவும் பயன்படுகிற மூன்று சொற்கள் '4,000 மீட்டருக்கு மேல்'. எவரெஸ்ட் அடிவார முகாம் 5,364 மீட்டர். 'காப்புறுதி உட்பட' என்று விற்றுவிட்டு, டிங்போச்சேயில் தலை சாய்க்கும்போதே காலாவதியாகிவிடும் காப்புறுதியைத் தந்திருக்கிறார்கள். இது மழைக்காலத்துக்கு மட்டும் பொருந்தாத குடை. வாங்குபவரைத் தவறாக நம்பவைக்கும் விளம்பரத்துக்குப் பயனீட்டாளர் சட்டத்தில் தனிப் பிரிவுகளே இருக்கின்றன.

காப்புறுதி நிறுவனத்தோடு மல்லுக்கட்ட வேண்டுமா? நிதிச் சந்தை குறைதீர்ப்புச் சேவை என்ற அமைப்பு 2025 ஜனவரி 1 முதல் இயங்குகிறது. நிறுவனத்தின் இறுதிப் பதில் வந்த ஆறு மாதத்துக்குள் அங்கே முறையிடலாம், கட்டணம் இல்லை. ஆனால் உயர வரம்பு தெளிவாக அச்சிட்டிருந்தால் அங்கே எனக்குப் பெரிய நம்பிக்கை இல்லை. முறையிடுங்கள், ஆனால் உங்கள் சக்தியைப் பயண நிறுவனத்தின் பக்கம் செலவிடுங்கள்.

எங்கே போவது? பயனீட்டாளர் நடுவர் மன்றம், நம் ஊரில் எல்லாரும் 'திரிபுனால்' என்கிறார்களே, அதுதான். 50,000 ரிங்கிட் வரை கோரலாம். பதிவுக் கட்டணம் 5 ரிங்கிட். மூன்று ஆண்டுக்குள் போக வேண்டும், உங்களுக்கு நேரம் இருக்கிறது. வழக்கறிஞர் உள்ளே வர முடியாது. என்னைப் போன்றவர்களுக்கு வருத்தம், உங்களுக்கு லாபம். தீர்ப்பு வந்து 14 நாளுக்குள் பணம் தராவிட்டால் அது குற்றம்.

ஒரு சிக்கல் உண்டு. உடல் காயம், மரணம் தொடர்பான கோரிக்கையை அந்த மன்றம் விசாரிக்காது. ஆகவே படிவத்தில் 'நோயால் பட்ட வேதனைக்கு இழப்பீடு' என்று எழுதினீர்கள் என்றால் வாசலிலேயே மடக்கிவிடுவார்கள். இப்படி எழுதுங்கள்: தருவதாகச் சொன்ன பயணத் திட்டத்தைத் தரவில்லை, அதற்குக் கட்டணத்தில் ஒரு பகுதி திரும்ப வேண்டும். தருவதாகச் சொன்ன காப்புறுதியைத் தரவில்லை, அது இருந்திருந்தால் என் கையை விட்டுப் போகாத 18,600 ரிங்கிட் வேண்டும். அவர்கள் 'இதுவும் காயம் பற்றியதுதான்' என்று வாதாடுவார்கள். அப்போது காப்புறுதி வாக்குறுதியை விட்டு நகராதீர்கள். வேதனைக்கும் சேர்த்து இழப்பீடு வேண்டும் என்றால் மாஜிஸ்திரேட் நீதிமன்றம் இருக்கிறது, 100,000 ரிங்கிட் வரை, ஆறு ஆண்டுக்குள். ஆனால் ஒரே விவகாரத்தை இரண்டு இடத்தில் நடத்த முடியாது. நீங்கள் குணமாகிவிட்டீர்கள். வழக்குச் செலவைக் கணக்குப் போட்டால் திரிபுனால்தான் என் யோசனை.

7,900 முழுவதையும் கேட்காதீர்கள். காட்மண்டு, நாம்சே வரை சேவை கிடைத்தது. பாதியைக் கேளுங்கள், மீதியை நடுவர் பார்த்துக்கொள்வார். முழுவதையும் கேட்டால் பேராசை போலத் தெரியும்.

இனி உங்கள் பலவீனம். படிவத்தில் இரத்த அழுத்தத்தை மறைத்தது தவறு டீச்சர், அதை நான் மழுப்ப மாட்டேன். அவர்கள் இதை முதல் ஆயுதமாக எடுப்பார்கள். ஆனால் உங்கள் காப்புறுதி மறுக்கப்பட்டது உயரத்துக்காக, அழுத்தத்துக்காக அல்ல. நுரையீரலில் நீர் கோப்பது வேகமாக ஏறுவதால் ஆரோக்கியமான இளைஞர்களுக்கும் வரும். உங்கள் நோய்க்கும் அந்த அழுத்தத்துக்கும் தொடர்பு உண்டா என்று உங்கள் டாக்டரிடம் ஒரு கடிதம் வாங்கிவிடுங்கள். மன்றத்தில் கேட்பதற்கு முன் நீங்களே சொல்லிவிடுங்கள். மறைத்து மாட்டிக்கொள்ளும் சாட்சியின் மற்ற உண்மைகளையும் யாரும் நம்ப மாட்டார்கள்.

ஆதாரங்களைப் பொறுத்தவரை, விளம்பரத் தாள், நாள்வாரித் திட்டம், ரசீது, புலன (வாட்ஸ்அப்) குழுச் செய்திகள், தேதியோடு இருக்கும் படங்கள், தேநீர் விடுதி பில்கள் எல்லாவற்றையும் அச்செடுங்கள். குழுவில் வந்தவர்களில் இருவரையாவது நேரில் வரச் சொல்லுங்கள். ஹெலிகாப்டர் பில்லோடு காட்மண்டு மருத்துவமனை அறிக்கை, ஆக்சிஜன் அளவு எழுதிய தாள் எல்லாம் இருக்க வேண்டும். காரணம் இருக்கிறது. காப்புறுதிப் பணத்துக்காகத் தேவையில்லாமல் ஹெலிகாப்டர் வரவழைக்கும் மோசடியை நேப்பாள அரசே 2018இல் விசாரித்தது. உங்களுடையது அந்த ரகம் இல்லை என்று காகிதமே பேசட்டும்.

யார் மீது கோருவது என்பதில் பலர் தோற்கிறார்கள். விளம்பரப் பெயர் வேறு, பதிவுப் பெயர் வேறாக இருக்கும். நிறுவனங்களைப் பதியும் ஆணையமான எஸ்.எஸ்.எம்.-இல் தேடிப் பதிவுப் பெயரையும் முகவரியையும் எடுங்கள். சுற்றுலா அமைச்சின் உரிமம் இருக்கிறதா என்றும் பாருங்கள். 1992ஆம் ஆண்டுச் சுற்றுலாத் தொழில் சட்டப்படி உரிமம் இல்லாமல் பயணம் நடத்துவது குற்றம். இல்லையென்றால் அமைச்சுக்குத் தனியாக ஒரு புகார். முகநூலில் போட்டுக் கிழிக்கலாமா என்று தம்பி கேட்டிருப்பார். வேண்டாம். அவதூறு வழக்கு உங்கள் பக்கம் திரும்பும்.

முதலில் நிறுவனத்துக்கு ஒரு கோரிக்கைக் கடிதம், பதிவு அஞ்சலில், 14 நாள் கெடுவோடு. பதில் வராவிட்டால் ஈப்போவில் படிவம் 1ஐப் பதியுங்கள். அதை நிரப்பும்போது 'வேதனை' என்ற சொல் எங்காவது வந்துவிட்டதா என்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.