பழைய ஃபுட்டேஜும் நடித்த காட்சியும்: நீலகிரி ஆவணப்படக் கேள்விகள்

மலையைப் பற்றிப் படம் எடுக்கும் நம் ஊர்ப் பிள்ளைகள் அனுப்பிய கேள்விகளில் சில. பதில் சொல்வது, எடிட்டிங் மேசையே கதியென்று கிடக்கும் உங்கள் ஊட்டிக்காரன்.

ஊட்டி: அண்ணா, 1822-இல் கோவை கலெக்டர் ஜான் சல்லிவன் இங்கே வீடு கட்டத் தொடங்கியதை நடித்துக் காட்டப் போகிறோம். தேயிலைத் தோட்டம் வழியாகக் குதிரையில் வருகிற மாதிரி ஒரு ஷாட். சரியா?

சரியில்லை தம்பி. தேயிலை இங்கே தொழிலாக வேரூன்றியது 1860-களில்தான். கற்பூர மரம், அதாவது யூகலிப்டஸ், 1840-களில் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தது. சீகையும் (வாட்டில் மரம்) சில்வர் ஓக்கும் அந்த ஊர்ச் சரக்குதான். ஊட்டி ஏரியையே சல்லிவன் வந்த பிறகுதான் உண்டாக்கினார்கள். இதையெல்லாம் கழித்தால் சோலையும் புல்வெளியும்தான் மிச்சம். முக்குருத்தி தேசியப் பூங்கா மாதிரி இடங்களில் அது இருக்கிறது. ஆனால் வனத்துறை அனுமதி வேண்டும். அங்கேயும் மஞ்சள் பூப் பூத்த முட்புதர் கண்ணில் பட்டால் கேமராவைத் திருப்பிவிடுங்கள், அது ஐரோப்பாவிலிருந்து வந்த செடி. விடிகாலையில் எடுங்கள். தூரத்து மரங்களைப் பனிமூட்டம் மறைத்துவிடும், அதற்குச் செலவும் இல்லை!

குன்னூர்: பழைய மௌனப் படங்களில் ஆட்கள் ஏன் ஓட்டமும் நடையுமாகப் போகிறார்கள்?

கையால் சுற்றிய கேமரா. விநாடிக்கு 16, 18 ஃபிரேம் என்று எடுத்ததை 24-இல் ஓட்டினால் அப்படித்தான் இருக்கும். வேகத்தைக் குறைத்துப் போடுங்கள். அகலத்திரைக்காக மேலும் கீழும் வெட்டாதீர்கள், தலைப்பாகையும் காலும் போய்விடும். இரு பக்கமும் கறுப்பாக இருந்தால் ஒன்றும் குறைந்துவிடாது.

கூடலூர்: நாங்கள் நடித்த காட்சியில் கீறல், கறை எஃபெக்ட் போட்டுப் பழைய ஃபுட்டேஜ் மாதிரி ஆக்கலாமா சார்?

இதில் மட்டும் நான் கறார். கூடாது. 1916-இல் பிரிட்டனில் வெளியான, முதல் உலகப் போரின் சோம் சண்டையைப் பற்றிய படத்தில் சிப்பாய்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் காட்சி, போர்முனைக்குப் பின்னால் நடிக்க வைத்து எடுத்தது என்பது ஆய்வாளர்கள் முடிவு. அதை நிஜப் போர் என்று எத்தனையோ படங்களில் வெட்டி ஒட்டிவிட்டார்கள். உங்கள் காட்சிக்கும் நாளைக்கு அதே கதிதான். மூலையில் ‘நடித்துக் காட்டியது’ என்று எழுதிப் போடுங்கள். முகம் காட்டாமல் கை, கால், நிழல் என்று எடுத்தாலே பாதிப் பிரச்சினை தீரும்.

கோத்தகிரி: இணையத்தில் கிடைத்த பழைய படத்தை அப்படியே எடுத்துப் போடலாமா?

நம் சட்டப்படி திரைப்படத்துக்குக் காப்புரிமை, வெளியான அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டு. 1960-இல் வந்தது என்றால் 2020 முடிவோடு சரி. வெளிநாட்டுக் கணக்கு வேறு.

ஊட்டி: தோடர் பழங்குடிக் காட்சிக்கு எங்கள் நண்பர்களுக்கே அவர்களுடைய பூத்துக்குளிப் போர்வையைப் போர்த்திவிடலாமா?

வேண்டாம். மந்துக்கு, அதாவது தோடர் குடியிருப்புக்குப் போய்ப் பெரியவர்களிடம் கேளுங்கள். எதை எடுக்கலாம், எதை எடுக்கக் கூடாது என்பது அவர்கள் முடிவு. நடித்தால் சம்பளமும் கொடுங்கள்.

குன்னூர்: கதை நடப்பது 1900-இல். நாயகன் ஊட்டி ஸ்டேஷனில் இறங்குகிறான்...

இறங்க முடியாது. 1899-இல் குன்னூர் வரைதான் ரயில், ஊட்டிக்கு வந்தது 1908-இல். குன்னூரிலேயே இறக்கிக் குதிரை வண்டியில் ஏற்றிவிடுங்கள், கூடுதலாக இரண்டு நல்ல ஷாட் கிடைக்கும்.